கொம்பேறி மூக்கனைக் கண்டவர்கள் எழுதுங்கள்

தொடக்கப் பதிவு – புதுக்கோட்டைப் பக்கம்

எனக்கு ஏழு வயதிருக்கும். எங்கள் தெருவில் ஒருவர் தரையில் பாய் விரித்துப் படுத்திருந்தார். விடியும் நேரத்தில் வயிற்றைப் பிசைகிறது என்று எழுந்தவருக்குக் கண்ணைத் திறக்க முடியவில்லை. நாக்கு குழறியது. மந்திரிப்பவரைத் தேடி ஆள் போய்த் திரும்புவதற்குள் முடிந்துவிட்டது. பொழுது நன்றாக விடிந்தபின் கூரையைத் துழாவினார்கள். கீற்றுக்குள் ஒல்லியாக ஒரு பாம்பு அகப்பட்டது. "கொம்பேறி மூக்கனேதான்" என்று அடித்து, வைக்கோல் போட்டுக் கொளுத்தினார்கள்.

அன்றிரவு அப்பத்தா சொன்ன கதை உங்களில் பலருக்கும் தெரிந்ததுதான். கொம்பேறி மூக்கன் கடித்துவிட்டுப் போய்விடாது. சுடுகாட்டு மரத்தின் உச்சிக்கொம்பில் ஏறிக் காத்திருக்கும். கடிபட்டவனின் பிணம் எரிந்து புகை கிளம்புவதைக் கண்ணால் பார்த்த பிறகே இறங்கும். பள்ளிக்கூடம் போகும் வழியில் சுடுகாட்டுப் புளியமரம் வரும். ஐந்தாம் வகுப்பு முடியும்வரை அந்த மரத்தை நான் நிமிர்ந்து பார்த்ததில்லை.

போன ஆடியில் எங்கள் வீட்டு முருங்கையில் அதைப் பார்த்தேன். காய் பறிக்கக் கொக்கியை நீட்டியபோது, ஒரு கிளை மட்டும் காற்றில்லாமல் அசைந்தது. முதுகு முழுக்கத் தேய்த்து விளக்கிய வெண்கலச் சொம்பின் நிறம். பக்கவாட்டில் வெளிர்மஞ்சள் கோடு. கண் அந்தத் தலைக்குப் பெரியது, உருண்டையானது. கொக்கி பட்டதும் உடம்பை உப்பியது. செதில்கள் விலகி, இடையிலிருந்து நீலம் தெரிந்தது. வாழ்நாளில் அப்படியொரு நீலத்தை நான் பாம்பிடம் எதிர்பார்த்ததில்லை. ஒரு முழத் தூரம்தான். கடிக்க வரவில்லை. அடுத்த கிளைக்குத் தாவி, வேலிப் பூவரசுக்குள் போய்விட்டது.

அதன்பிறகு தேடித் தேடிப் படித்தேன். கொம்பேறி மூக்கனுக்கு நஞ்சு கிடையாது. பகலில் இரை தேடும். இரவில் கிளையில் சுருண்டு தூங்கும். ஓணானும் பல்லியும் தவளையும் அதன் சாப்பாடு. வயிற்றுச் செதில்களின் இரு ஓரமும் மடிந்து விளிம்பாக இருப்பதால் மரப்பட்டையைப் பற்றி ஏறுகிறது. ஆளைக் கொன்று புகைக்காகக் காத்திருக்கும் அந்தப் பாம்பு நம் ஊர்க் கதைகளில் மட்டுமே வாழ்கிறது. அதற்கு உயிருள்ள ஒரு பாம்பின் பெயரைக் கொடுத்துவிட்டோம்.

அன்று தெருவில் நடந்ததை இப்போது நினைத்தால் ஒன்றுதான் தோன்றுகிறது. தரையில் படுத்தவர், இரவுக் கடி, வயிற்று வலி, திறக்க முடியாத கண். எல்லாம் கட்டுவிரியனைக் காட்டுகின்றன. அது இருட்டில் வந்து, விடிவதற்குள் பொந்துக்குள் போயிருக்கும். வெயில் ஏறியதும் பல்லி பிடிக்கக் கூரைக்கு வந்த கொம்பேறி மூக்கன் கண்ணில் பட்டது. பழியும் அதன் தலையில் விழுந்தது.

நீங்கள் கண்டதையும் கேட்டதையும் எழுதுங்கள்.

மறுமொழி – நாகர்கோவில்

எங்கள் பக்கம் மலையாளம் கலந்த ஊர். அங்கே "கொம்பேறி மூர்க்கன்" என்பார்கள். மலையாளத்தில் மூர்க்கன் என்றால் நல்ல பாம்பு. பெயரிலேயே நாகத்தின் நஞ்சு ஏறிவிட்டது, பிறகு யார் விடுவார்கள்? தென்னை ஏறும் என் மாமா மட்டையிடுக்கில் இதைப் பலமுறை கண்டிருக்கிறார். ஒரு தடவை புறங்கையில் கடித்தும்விட்டது. முள் கீறியதுபோல் இரண்டு வரி, கொஞ்சம் ரத்தம். அத்தை மூன்று நாள் அழுதுகொண்டே இருந்தாள். நான்காம் நாள் மாமா மறுபடி மரம் ஏறினார்.

மறுமொழி – தஞ்சாவூர்

தம்பி, எனக்கு எழுபத்திரண்டு வயது. என் தகப்பனார் பொய் சொல்லக்கூடியவர் அல்லர். சுடுகாட்டு இலுப்பை மரத்தில் பிணம் எரியும்போது அது தலையைத் தூக்கிப் பார்த்ததைத் தம் கண்ணால் கண்டேன் என்றார். அதைக் கதை என்று என்னால் ஒதுக்க முடியவில்லை.

மறுமொழி – அரசு மருத்துவமனைச் செவிலியர்

கடிபட்டவரோடு வருபவர்கள் முதலில் சொல்வது பாம்பின் பெயரைத்தான். அந்தப் பெயர் பெரும்பாலும் பயத்தில் வந்த பெயர். ஓர் அம்மாவை அதிகாலையில் தூக்கி வந்தார்கள். கடித்த தடமே தெரியவில்லை. வீக்கமும் இல்லை. "ஒன்றும் இல்லை, வாயுத் தொந்தரவு" என்றார் கணவர். அந்த அம்மா என்னைப் பார்க்க இரண்டு விரலால் இமையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டார். அதைப் பார்த்ததுமே நான் மருத்துவரைக் கூப்பிட ஓடினேன். நஞ்சுமுறி மருந்து ஏற்றி, செயற்கைச் சுவாசம் வைத்தோம். ஆறாம் நாள் நடந்து வீட்டுக்குப் போனார்.

2000 முதல் 2019 வரை இந்தியாவில் ஏறத்தாழ 12 லட்சம் பேர் பாம்புக்கடியால் இறந்ததாக 2020இல் வெளியான ஆய்வு கணக்கிட்டது. நம்மிடம் உள்ள நஞ்சுமுறி நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்குக்கும் பொதுவானது. அதற்கான நஞ்சைப் பல ஆண்டுகளாக எடுத்துத் தருபவர்கள் வடநெம்மேலியில் 1978இல் தொடங்கிய கூட்டுறவுச் சங்கத்தின் இருளர் மக்கள். தயவுசெய்து பாம்பைத் தேடி அடித்து எடுத்து வர நேரத்தைச் செலவிடாதீர்கள். இறுக்கிக் கட்டாதீர்கள், கீறாதீர்கள், வாயால் உறிஞ்சாதீர்கள். கடிபட்டவரை நடக்கவிடாமல் வண்டியில் ஏற்றுங்கள். மந்திரிக்கப் போகும் அந்த ஒரு மணி நேரம் எங்களுக்கு வேண்டும்.

தொடக்கப் பதிவர்

தஞ்சாவூர் ஐயாவுக்கு வணக்கம். உங்கள் தகப்பனார் கண்டது உண்மையாகத்தான் இருக்கும். சுடுகாட்டு மரத்தில் யாரும் கல்லெறிவதில்லை, கிளை வெட்டுவதில்லை. ஓணானும் பல்லியும் நிறைந்த மரம். கொம்பேறிக்கு அதைவிட நல்ல வீடு ஏது? கீழே தீயும் ஆட்களும் வந்தால் எந்தப் பாம்பும் தலையைத் தூக்கிப் பார்க்கும். அது யாரைக் கடித்தது என்பதைத்தான் ஊர் சேர்த்துக்கொண்டது.

செவிலியர் அக்கா, இமையைப் பற்றி நீங்கள் எழுதியதை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். அன்று இறந்தவர் அம்மாவுக்கு ஒன்றுவிட்ட அண்ணன். அவரும் விரலால் இமையைத் தூக்கித்தான் பிள்ளைகளைப் பார்த்தாராம். இத்தனை வருடங்களில் அம்மா இதை என்னிடம் சொன்னதே இல்லை.

இன்று காலை முருங்கையில் சட்டை உரிந்து கிடந்தது. அம்மா அதை எடுக்க வேண்டாம், அப்படியே இருக்கட்டும் என்றார். காய் பறிக்கும்போது இப்போதெல்லாம் கொக்கியால் முதலில் அடிமரத்தைத் தட்டிவிட்டுச் சற்று நேரம் நிற்கிறார்.