நரைச்ச முடி ஏன் கம்பி மாதிரி நிக்குது? தொழில்ல இருக்கிறவங்க பகிருங்க

கத்தரிக்கோல் (அழகு நிலையம், சென்னை)

நாற்பது தாண்டி முடிவெட்ட வர்றவங்க நிறத்தைப் பத்திக்கூட அவ்வளவு கவலைப்படுறதில்லை. "சீப்புக்கு அடங்க மாட்டேங்குது, வகிடு எடுத்தா நடுவுல நாலு முடி எழுந்து நிக்குது, தொட்டா சொரசொரன்னு இருக்கு." இதுதான் எல்லார் வாயிலும் வருது.

தொட்டுப் பார்த்தா ரெண்டு வகை தெரியும். ஒண்ணு, வேர்ல இருந்தே முறுக்கிக்கிட்டு வர்ற வெள்ளை முடி. ஒரு இழையை ரெண்டு விரல் நுனியில உருட்டினா தடிப்பு தட்டுப்படும். இன்னொண்ணு, வேர்ல நல்லா இருந்து, நடுவுல இருந்து நுனி வரைக்கும் உலர்ந்து பிசிறடிச்ச முடி. முதல் வகை உடம்பு பண்ணினது. ரெண்டாவது தண்ணி, டை, வெயில், அயர்ன் பண்ணினது.

எது உங்களுக்குன்னு கண்டுபிடிக்க, மண்டையை ஒட்டின முதல் 2 செ.மீ. மட்டும் தடவிப் பாருங்க. அது கடைசி ரெண்டு மாசத்துல வளர்ந்தது, அதுக்குள்ள டை போடலைன்னா டை படாதது. அது வழவழன்னு இருந்தா உங்க முடி நல்ல முடிதான், கெட்டது அப்புறம். நாற்காலிக்கு வர்றதுல பெரும்பாலானது இந்த ரெண்டாவது வகைதான். ஆனா எல்லாரும் "வயசாயிடுச்சு"ன்னு விட்டுடறாங்க.

தோல் மருத்துவர்

வேர்க்காலில் நடப்பதைச் சொல்கிறேன். மெலனோசைட் என்ற செல்கள் மெலனினைச் செய்து, வளரும் முடிக்குள் செலுத்துகின்றன. அவற்றுக்குப் பதிலாள் அனுப்பும் மூல செல்கள் வேர்க்காலின் மேற்பகுதியில் இருக்கின்றன. அந்தச் சேமிப்பு தீர்ந்தாலோ முடங்கினாலோ முடி நிறமில்லாமல் வருகிறது. சாம்பல் நிறம் என்று பெரும்பாலும் தனியாக ஒன்று இல்லை. வெள்ளையும் கறுப்பும் கலந்து நிற்பதால் கண்ணுக்கு அப்படித் தெரிகிறது. வேர்க்காலில் ஹைட்ரஜன் பெராக்சைடு தேங்குவதும் இதில் ஒரு பங்கு என்று 2009இல் பிராட்ஃபோர்டு பல்கலைக்கழகக் குழு காட்டியது. 2023இல் நியூயார்க் பல்கலைக்கழகக் குழு, எலிகளில் இந்த மூல செல்கள் இடம்பெயர முடியாமல் ஓரிடத்தில் சிக்கிக்கொள்வதைக் கண்டது. இவற்றிலிருந்து மருந்து எதுவும் கடைக்கு வரவில்லை. "நரையைத் திருப்பும்" மாத்திரைக்குப் பணம் செலவழிக்க வேண்டாம்.

இனி சொரசொரப்பு. வெள்ளை முடியின் நடுத்தண்டில் காற்றறைகள் கொண்ட மெடுல்லா என்ற பகுதி அதிகம் காணப்படும். சில இழைகள் பக்கத்துக் கறுப்பு முடியைவிடத் தடித்து வருகின்றன. வயது ஏற ஏற முடி வளைந்தும் வளர்கிறது. பெண்களுக்கு நாற்பதுகளுக்குப் பிறகு பொதுவாக முடியின் தடிமன் குறைந்துகொண்டே போகும். ஆக ஒரே தலையில் மெலிந்த கறுப்பு முடிக்கு நடுவே தடித்து வளைந்த வெள்ளை முடி. எழுந்து நிற்காமல் என்ன செய்யும்?

மண்டைத்தோலின் எண்ணெய்ச் சுரப்பும் குறைகிறது. மாதவிடாய் நின்ற பெண்களுக்கு இது நன்றாகவே தெரியும். வளைந்த முடியில் அந்தக் கொஞ்ச எண்ணெயும் நுனிவரை இறங்காது. மெலனின் இல்லாததால் வெயிலின் புற ஊதாக் கதிர் நேரடியாகக் கெரட்டின் புரதத்தைத் தாக்கும். மஞ்சள் பூப்பதற்கும் முறிவதற்கும் அதுவே முக்கியக் காரணம்.

ஒன்றை மட்டும் பரிசோதியுங்கள். முடி வறண்டு தடிப்பதோடு கொட்டுதல், உடல் எடை ஏற்றம், களைப்பு சேர்ந்திருந்தால் டி.எஸ்.எச். என்ற ரத்தப் பரிசோதனை பாருங்கள். அது தைராய்டாக இருக்கலாம். 25 வயதுக்குள் நிறைய நரைத்தால் பி12, இரும்புச்சத்து, தைராய்டு மூன்றும் பார்க்க வேண்டும். நீண்ட காலம் மெட்ஃபார்மின் என்ற சர்க்கரை நோய் மாத்திரை சாப்பிடுபவர்களுக்கும், பாலைக்கூடத் தவிர்க்கும் சைவர்களுக்கும் பி12 குறைவது சாதாரணம்.

புது உறுப்பினர்

ஒண்ணு பிடுங்கினா பத்து முளைக்கும்னு சொல்றாங்களே, உண்மையா?

கத்தரிக்கோல்

முளைக்காது. ஒரு வேர்க்கால், ஒரு முடி. ஆனா பிடுங்கின இடத்துல புதுசா வர்றது 1 செ.மீ., 2 செ.மீ. உயரத்துல தனியா குத்திட்டு நிக்கும், முன்னைவிட கண்ணை உறுத்தும். அதே இடத்துல திரும்பத் திரும்பப் பிடுங்கினா வேர்க்கால் கெட்டு முளைக்காமலே போகும். வகிட்டுல வழுக்கைக் கோடு விழ அதுவும் ஒரு காரணம். தாங்கலைன்னா சின்னக் கத்தரியால மண்டையை ஒட்டி நறுக்குங்க.

வெட்டும்போது கேட்டு வாங்க வேண்டியது: அடர்த்தி குறைக்கிற பல்கத்தரியும் ரேஸரும் உச்சிப் பக்கம் வேண்டாம். அதுல வெட்டின வெள்ளை முடி குட்டையா நடுவுல மாட்டி, ரெண்டே வாரத்துல மேல் முடியைத் தள்ளிக்கிட்டு வெளியே வரும். நேர்க்கத்தரி, நீளமான அடுக்கு, எடை கீழே இருக்கணும். நுனி மட்டும் 8 முதல் 10 வாரத்துக்கு ஒரு தடவை.

கெரட்டின் ஸ்மூத்தனிங் (முடியை வழவழப்பாக்குற சலூன் வேலை) கேட்டு வர்றவங்களுக்கு ஒரு வார்த்தை. அதுல 210, 230 டிகிரி அயர்ன் போடுவாங்க. வெள்ளை முடி அந்தச் சூட்டுல மஞ்சளாகும், அந்த மஞ்சள் கழுவினா போகாது. வீட்டு அயர்னும் 150க்கு மேல வேண்டாம். முடி முழுசா காஞ்ச பிறகு, ஒரு இழுப்பு மட்டும்.

ஷாம்பு தயாரிப்பு வேதியியலாளர்

எல்லாரும் ஷாம்புவைக் குறை சொல்வாங்க, தண்ணியை யாரும் பார்க்கிறதில்லை. குடிநீருக்கான இந்தியத் தரம் ஐ.எஸ். 10500இல் கடினத்தன்மை லிட்டருக்கு 200 மில்லிகிராம் வரை ஏற்கத்தக்கது, வேற வழியில்லைன்னா 600 வரை. நகரத்து போர் தண்ணி பல இடத்துல இந்த 200ஐ சுலபமா தாண்டும். கால்சியமும் மெக்னீசியமும் முடி மேல படியும், இரும்பு இருந்தா பழுப்பு ஏறும். கறுப்பு முடியில இது தெரியாது, வெள்ளையில பளிச்சுன்னு தெரியும். குளியல் சோப்புல தலை குளிக்கிறவங்களுக்கு இன்னும் மோசம். சோப்பு கடினத் தண்ணியோட சேர்ந்து கரையாத பிசுக்கா முடியில ஒட்டிக்கும், சோப்போட பி.எச். 9, 10 இருக்கிறதால முடியோட மேல் செதிலும் விரியும்.

செலவில்லாத முதல் வேலை: கடைசி அலசல் மட்டும் 1 லிட்டர் ஆர்.ஓ. தண்ணியிலயோ மழைத் தண்ணியிலயோ செய்யுங்க. ரெண்டாவது, 1 லிட்டர் தண்ணிக்கு 15 மில்லி வினிகர் கலந்து, ஷாம்புவுக்கு அப்புறம் ஊத்தி, 2 நிமிஷம் விட்டு அலசணும். வாரம் ஒரு தடவை போதும். வினிகரை நேரா ஊத்தக் கூடாது, மண்டை எரியும். மாசம் ஒரு தடவை ஈ.டி.டி.ஏ. உள்ள ஆழச் சுத்த ஷாம்பு. இது படிஞ்ச உலோகத்தைப் பிடிச்சு இழுக்கும், கூடவே கொஞ்சம் உலர்த்தும், அதனால அன்னிக்கு கண்டிஷனரைக் கொஞ்சம் கூட்டுங்க.

மஞ்சளுக்கு ஊதா ஷாம்பு. மஞ்சளுக்கு எதிர் நிறம் ஊதா, செம்பட்டைக்கு எதிர் நிறம் நீலம். கடையில ரெண்டும் ஒரே அலமாரியில இருக்கும், மாத்தி வாங்கிடாதீங்க. வாரம் ஒரு தடவை, 2 முதல் 3 நிமிஷம். பத்து நிமிஷம் விட்டா உலர்ந்த நுனி மட்டும் கத்திரிப்பூ நிறத்துல நிக்கும், ஏன்னா கெட்ட முடிதான் சாயத்தை அதிகம் உறிஞ்சும். அப்படி ஆனா பயப்பட வேண்டாம், சாதா ஷாம்புவில ரெண்டு மூணு குளியல்ல போயிடும். வெயில்லயோ அயர்ன்லயோ புரதமே மஞ்சளானதுக்கு இது மூடாக்கு மட்டும்தான். தண்ணிப் படிவால வந்த மஞ்சளுக்கு முதல்ல ஈ.டி.டி.ஏ., அப்புறம்தான் ஊதா.

கண்டிஷனர், தோள் நீள முடிக்கு சுமார் 10 மில்லி. மண்டையில படாம காது மட்டத்துக்குக் கீழே தடவி, பெரிய பல் சீப்பால வாரி, 3 நிமிஷம். சிலிக்கோன் கெட்டதுன்னு இணையத்துல ஒரு பேச்சு ஓடுது. சொரசொரப்பான வெள்ளை முடிக்கு டைமெத்திக்கோன்ங்கிற சிலிக்கோன் சீரம் 2 சொட்டு ஈர முடியில தடவினா செதில் படியும், சிக்கு குறையும். ஒதுக்க ஒரு காரணமும் இல்லை. கிளிசரின் நிறைய உள்ள கிரீமைத்தான் நம்ம கடலோரப் புழுக்கத்துல யோசிச்சு வாங்கணும். அது காத்து ஈரத்தை இழுத்து முடியை உப்ப வைக்கும்.

இல்லத்தரசி_மதுரை

தேங்காய் எண்ணெய் தேய்ச்சா வெள்ளை முடி மஞ்சளாகுமா? நல்லெண்ணெய் தேய்ச்சுக் குளிக்கிறதை விடணுமா?

ஷாம்பு தயாரிப்பு வேதியியலாளர்

தெளிவான தேங்காய் எண்ணெய் நிறம் ஏத்தாது. குளிக்கிறதுக்கு முன்னாடி தேய்க்க அதைவிட நல்லது கிடையாது. அதுல உள்ள லாரிக் அமிலம் சின்ன, நேரான மூலக்கூறு, முடிக்குள்ளே இறங்கும். 2003இல் வந்த ஒரு இந்திய ஆய்வுல, கழுவும்போது போற புரதத்தைத் தேங்காய் எண்ணெய் குறைச்சது. மினரல் ஆயிலும் சூரியகாந்தி எண்ணெயும் குறைக்கலை. தோள் நீளத்துக்கு 2 டீஸ்பூன், குறைஞ்சது அரை மணி நேரம், முடியில தடவுங்க. பொடுகு இருந்தா மண்டையில வேண்டாம், பொடுகுப் பூஞ்சைக்கு அது தீனி.

நல்லெண்ணெய்க் குளியலை விட வேண்டியதில்லை, சரியா அலசினா போதும். எண்ணெய் மிச்சம் வெச்சுக்கிட்டு வெயில்ல போனாத்தான் மஞ்சள் பூக்கும். பச்சை நிறமா காய்ச்சின மூலிகைத் தைலமும் கடுகெண்ணெயும் தும்பை மாதிரி வெள்ளையான தலையில சாயல் விடும்.

நாட்டுமருந்துக்கடை

மருதாணி பத்தி யாரும் எழுதலையே. சரியான முறை இது. வாசனைச் சாமான் எதுவும் கலக்காத மருதாணி இலைப்பொடி 100 கிராம், தண்ணி சுமார் 300 மில்லி, அரை எலுமிச்சைச் சாறு. தயிர் பதத்துல கரைச்சு, நம்ம ஊர் வெப்பத்துல 6 முதல் 8 மணி நேரம் மூடி வைக்கணும். எண்ணெய், முட்டை, தயிர் சேர்க்காதீங்க, சாயம் முடியில ஏற விடாது. எண்ணெய் இல்லாத, ஷாம்பு போட்ட முடியில பூசி 3 மணி நேரம், அப்புறம் வெறும் தண்ணி. வெள்ளை முடி செம்பட்டையாத்தான் வரும், ரெண்டு நாள்ல கொஞ்சம் கருக்கும்.

கறுப்பு வேணும்னா அடுத்த படி அவுரி. அவுரிப்பொடி 100 கிராமை வெதுவெதுப்பான தண்ணியில ஒரு சிட்டிகை உப்போட கரைச்சு, 10 முதல் 15 நிமிஷத்துல பூசிடணும். இதுல எலுமிச்சை போடக் கூடாது. கரைச்சு ஒரு மணி நேரம் வெச்சா வீரியம் போயிடும். பூசி 1 முதல் 2 மணி நேரம். கழுவினதும் பச்சையா தெரியும், மறுநாள் கறுக்கும். 48 மணி நேரம் ஷாம்பு கிடையாது. மருதாணி போடாம அவுரி மட்டும் போட்டா வெள்ளை முடி நீலப்பச்சையா நிக்கும்.

கத்தரிக்கோல்

முறை சரி அண்ணே, ஆனா ஒண்ணு விட்டுட்டீங்க. வாரா வாரம் நுனி வரைக்கும் மருதாணி போட்டா முடி விறைச்சுப் போகும். மருதாணிச் சாயம் கெரட்டினோட நிரந்தரமா சேர்றது, கழுவினா இறங்காது, அடுக்கு மேல அடுக்கா ஏறும். ஏற்கனவே தடிச்ச முடிக்கு இது இன்னும் முறுக்கு ஏத்தும். மாசம் ஒரு தடவை, வேர்ல வளர்ந்த வெள்ளைக்கு மட்டும் போடுங்க.

தோல் மருத்துவர்

முக்கியமான எச்சரிக்கை. தூய மருதாணி அரை மணி நேரத்தில் கறுப்பு தராது. "மூலிகைக் கறுப்பு மருதாணி" என்று விற்கும் பொட்டலம் 20 நிமிடத்தில் கறுத்தால் அதில் பி.பி.டி. (கறுப்பு டைகளில் சேர்க்கும், ஒவ்வாமை தரக்கூடிய ரசாயனம்) இருக்கிறது என்றே வைத்துக்கொள்ளுங்கள். "அமோனியா இல்லை" என்று அட்டையில் இருந்தால் பி.பி.டி. இல்லை என்று பொருளல்ல. ஒவ்வாமை வந்தால் நெற்றி ஓரம், காது மடல், கண்ணிமை அரித்து வீங்கும். பூசி ஓரிரு நாள் கழித்தும் வரலாம். நம் தோலில் அரிப்பே இல்லாமல் நெற்றியோரமும் கன்னமும் சாம்பல் கறுப்பாவதும் உண்டு. பலர் அதை மங்கு என்று நினைத்துக் கிரீம் தடவிக்கொண்டே டையைத் தொடர்கிறார்கள்.

ஒவ்வொரு முறையும் சோதியுங்கள். கலந்த சாயத்தில் ஒரு சொட்டைக் காதுக்குப் பின்னாலோ முழங்கை மடிப்பிலோ வைத்து 48 மணி நேரம் பார்க்கவும். பத்து வருடம் போட்டவருக்கும் பதினோராவது வருடம் வரலாம். ஒரு முறை வந்துவிட்டால் ஆயுள் முழுக்க இருக்கும், நிறுவனம் மாற்றினால் தீராது. ஜி6பி.டி. குறைபாடு (சிவப்பணுவைக் காக்கும் ஒரு நொதி பிறவியிலேயே குறைவது) உள்ள குழந்தைகளுக்குத் தூய மருதாணியும் கூடாது, ரத்தச் சிவப்பணு சிதையலாம்.

கத்தரிக்கோல்

டை போடுறவங்களுக்கு. வெள்ளை முடி சாயம் பிடிக்காம வழுக்குதுன்னு சொல்றது நெத்தியோரமும் காதுப் பக்கமும்தான். அங்கே 6 சதவீத டெவலப்பரை (டையோட கலக்குற பெராக்சைடை) மட்டும் பஞ்சால தொட்டு 10 நிமிஷம் விட்டு, துண்டால ஒத்தி எடுத்து, கழுவாம அதுக்கு மேல சாயம் பூசணும். ஆரம்பிக்கிறதும் அந்த இடத்துல இருந்தே. பாதிக்கு மேல நரைச்ச தலையில சிவப்பு, செம்பு மட்டும் போட்டா கண்ணாடி மாதிரி தெரியும். பாதிக்குப் பாதி இயற்கை வரிசை நிறம் (சாதா கறுப்பு, பழுப்பு மாதிரி) கலக்கணும். 35 முதல் 45 நிமிஷம். 25 நிமிஷத்துல கழுவினா மூணு குளியல்ல வெளுக்கும்.

மறுபடி போடும்போது வேர்ல மட்டும். ஒவ்வொரு தடவையும் நுனி வரைக்கும் இழுக்கிறதாலதான் மேல சொன்ன அந்த ரெண்டாவது வகைப் பிசிறு வருது. பேர் தெரியாத பொடி போட்ட தலைக்கு சலூன் டை போடுறதுக்கு முன்னாடி கொஞ்சம் முடியை வெட்டி, 30 மில்லி 6 சதவீத பெராக்சைடுல 20 சொட்டு அமோனியா விட்டு அரை மணி நேரம் போட்டுப் பாருங்க. சூடாகி நுரைச்சா உலோக உப்பு இருக்கு. அந்தத் தலையில டை போட்டா முடி அறுந்து கையோட வரும்.

புது உறுப்பினர்

டையே வேண்டாம், அப்படியே விட்டுடலாம்னு முடிவு பண்ணினா?

கத்தரிக்கோல்

மாசத்துக்கு சுமார் 1 செ.மீ. வளரும். 30 செ.மீ. முடி முழுசா மாற ரெண்டரை வருஷம். அவ்வளவு பொறுமை இல்லாதவங்க காது மட்டத்துக்கு வெட்டிக்கிட்டா ஒரு வருஷத்துக்குள்ள முடிஞ்சிடும். நடுவுல தெரியுற கோட்டை மறைக்க, வகிட்டை நேரா எடுக்காம கோணல்மாணலா எடுங்க. பழைய டை பகுதியில மெல்லிய வெளிர் இழைகள் போட்டா கோடு கலங்கும். ஆனா அது ப்ளீச், ஏற்கனவே உலர்ந்த நுனிக்கு வேண்டாம். வெளியே போகும்போது பருத்தித் துணி, தொப்பி, குடை, ஏதாவது ஒண்ணு. தலைக்குப் போடுற டையைப் புருவத்துக்கு எடுத்துட்டுப் போகாதீங்க, கண்ணுக்குள்ள இறங்கினா விளையாட்டு இல்லை.