பித்தளை அச்சு காணோம், வீட்டில் ஒரே மனஸ்தாபம். என்ன செய்யலாம்?

வளவுவாசி:
கானாடுகாத்தான் பக்கம் ஒரு பழைய செட்டியார் வீட்டை வாடகைக்கு எடுத்து, ஓவியம், சுடுமண், பூக்கல் (ஆத்தங்குடித் தரைக்கல்) என்று ஆளுக்கொரு வேலையாக ஒன்றாகத் தங்கியிருக்கிறோம். ஒரே சமையல், எந்த அறைக்கும் பூட்டு கிடையாது. போன வாரம் பூக்கல் போடும் நண்பரின் பித்தளை அச்சு காணாமல் போய்விட்டது, சமையல் செலவுக்கு டப்பாவில் போட்டு வைத்த பணமும் கொஞ்சம் குறைகிறது. பணம் போகட்டும், அந்த அச்சு அவர் தாத்தா காலத்தது, அது இல்லாமல் கையில் இருக்கும் ஆர்டரை முடிக்க முடியாது. பேச்சை எடுத்ததுமே இரண்டு பேர் சமைக்க வரும் அக்காவைக் கைகாட்டினார்கள். இன்னொருவர் எல்லார் பெட்டியையும் திறந்து பார்ப்போம் என்கிறார், வளவில் (நடு முற்றத்தில்) கேமரா வைக்கலாம் என்று வேறு ஒரு யோசனை. போலீசுக்குப் போகலாமா?

பர்மாதேக்கு:
முதலில் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் பழைய பொருள் கடைகளில் விசாரியுங்கள். போட்டோ இல்லையென்றால் அந்த அச்சில் போட்ட கல் ஒன்றைக் கொண்டுபோனாலே போதும், பூ அப்படியே இருக்குமே. சீக்கிரம் போங்கள், எடைக்குப் போட்டிருந்தால் உருக்கிவிடுவார்கள்.

கண்டாங்கி:
அந்த அக்கா அச்சை வைத்து என்ன செய்யப் போகிறார்? கண்ணாடி மேல் அச்சை வைத்து எந்தக் கட்டத்தில் எந்த நிறத்தை ஊற்றவேண்டும் என்று தெரிந்தவருக்குத்தான் அதன் அருமை தெரியும். டப்பா பணமும் அச்சும் ஒரே ஆள் வேலைதான் என்று யார் சொன்னது? எனக்கென்னவோ இரண்டும் வேறு வேறு என்று படுகிறது. அப்புறம் பூட்டு விஷயம். நீங்கள் இருக்கும் வீட்டைக் கட்டியவர்களே கல்யாணமான மகனுக்குத் தனி அறை கொடுத்து வேறு வைத்தார்கள், ஒரே கூரைக்குக் கீழே தனித்தனி அடுப்பு. சென்னை பக்கம் சோழமண்டலம் ஓவியர் கிராமத்தில்கூட கலைஞர்கள் தனித்தனி வீடுதான் கட்டிக்கொண்டார்கள். அறைக்கு அறை பூட்டு போடுங்கள், கேமரா வேண்டாம்.

குமாஸ்தா:
புகார் கொடுத்தால் மனு ரசீது கேட்டு வாங்குங்கள். குடியிருக்கும் வீட்டுக்குள் திருட்டு என்றால் புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 305-வது பிரிவு, தண்டனை 7 ஆண்டு வரை போகலாம், சின்ன விஷயம் என்று நினைத்துவிடாதீர்கள். ஒன்று சொல்லிவிடுகிறேன், ஸ்டேஷனில் முதலில் கூப்பிட்டு உட்கார வைப்பது அந்த அம்மாவைத்தான். பெட்டியைச் சோதிப்பதென்றால் உங்கள் பெட்டியிலிருந்து ஆரம்பியுங்கள்.

வளவுவாசி:
நன்றி. அந்த அச்சில் போட்ட கல் இரண்டு மூன்று கொல்லையில் தண்ணீர்த் தொட்டியில் ஊறிக்கொண்டிருக்கிறது, ஒன்றை எடுத்துக்கொண்டு நாளைக் காலை காரைக்குடி போகிறோம். போலீஸ் இப்போதைக்கு வேண்டாம் என்று நிறுத்தி வைத்திருக்கிறேன். பூட்டு என்றதும் சுடுமண்காரர் கோபித்துக்கொண்டு மொட்டைமாடிக்குப் போய்விட்டார். அக்கா காதுக்கு எப்படியோ விஷயம் போயிருக்கிறது, இன்று வேலைக்கு வரவில்லை. வீட்டுக்குப் போய்ப் பேசவேண்டும், கைகாட்டிய இருவரையும் கூட்டிக்கொண்டு போவதா, நான் மட்டும் போவதா?

கண்டாங்கி:
நீங்கள் மட்டும் போங்கள். அவர்களைப் பிறகு அனுப்புங்கள்.