கப்சிப் நேரம்

(கும்பகோணம், எங்கள் தெருக் குழு. பெயர்கள் என் போனில் சேமித்திருக்கிறபடி.)

செவ்வாய்

மாடி வீட்டு அக்கா, 6:13
எல்லா வீட்டிலும் டிவி ஒழுங்காக ஓடுகிறதா? எங்கள் வீட்டில் வாய் அசைகிறது, சத்தம் வரவில்லை.

மாவு மில் மாமா, 6:14
இங்கே மில்லே சத்தமில்லாமல் ஓடுகிறது. பட்டை சுற்றுகிறது, மாவு விழுகிறது. எனக்குத்தான் காது போய்விட்டதென்று பயந்துவிட்டேன்.

மாடி வீட்டு அக்கா, 6:14
மாமியார் முகத்துக்கு நேரே நின்று கத்தினேன். "என்ன?" என்கிறார். அதையும் உதட்டைப் பார்த்துத்தான் சொல்கிறேன்.

மாவு மில் மாமா, 6:16
[வாய்ஸ் மெசேஜ், 0:41]

அட்மின், 6:16
மாமா, இந்த நேரத்தில் வாய்ஸ் மெசேஜா?

பெரிய வீட்டுப் பாட்டி, 6:20
வந்துவிட்டது. குக்கர் எத்தனை விசில் அடித்ததோ, பருப்பு கூழாகிவிட்டது.

அட்மின், 6:31
பிள்ளையார் கோயில் முக்கில் நின்ற என் தம்பிக்கு ஆட்டோ ஹாரன் முதல்கொண்டு கேட்டதாம். நம் தெருவில் மட்டும்தான் இப்படி.

மாவு மில் மாமா, 6:33
என் வாய்ஸ் மெசேஜைப் போட்டுப் பார்த்தேன். 41 விநாடியும் வெறும் அமைதி. நல்ல யோசனை ஒன்று சொல்லியிருந்தேன், மறந்துவிட்டது.

புதன்

அட்மின், 6:20
இன்றும் அதே 6:12க்குப் போய் 6:19க்கு வந்தது. கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

போஸ்ட்மேன் தாத்தா, 6:22
எனக்குக் கேட்டது.

மாடி வீட்டு அக்கா, 6:22
என்ன கேட்டது தாத்தா???

போஸ்ட்மேன் தாத்தா, 6:25
கொய்ங். ஒன்பது வருஷமாகக் காதில் இருக்கிற அதே கொய்ங்தான். வேறு சத்தமே இல்லாததால் ஏழு நிமிஷமும் அது ஒன்றுதான் ராஜா.

பிசிக்ஸ் மிஸ், 6:28
அது வெளியிலிருந்து வருகிற சத்தம் இல்லை தாத்தா. காது நரம்பும் மூளையும் உண்டாக்குவது. அதற்குக் காற்று வேண்டாம்.

மாவு மில் மாமா, 6:29
மிஸ், தெருவில் காற்றே போய்விட்டதோ?

பிசிக்ஸ் மிஸ், 6:34
போயிருந்தால் மெசேஜ் போட நீங்கள் இருக்க மாட்டீர்கள். 1660 வாக்கில் ராபர்ட் பாயில் ஒரு கடிகாரத்தைக் கண்ணாடிக் குடுவைக்குள் நூலில் தொங்கவிட்டுக் காற்றை உறிஞ்சி எடுத்தார். டிக் டிக் அடங்கிவிட்டது. ஆனால் நம் வீட்டில் அந்த ஏழு நிமிஷமும் குத்துவிளக்கு எரிந்துகொண்டுதானே இருந்தது? காற்று இருக்கிறது, சத்தத்தைச் சுமக்க மாட்டேன் என்கிறது. பாடப்புத்தகத்தில் இதற்குப் பதில் கிடையாது.

மாவு மில் மாமா, 6:36
[ஃபார்வர்டு] விஞ்ஞானிகள் அதிர்ச்சி!! பூமி சுற்றுவது நிற்கப் போகிறது!! 10 பேருக்கு அனுப்பவும்

அட்மின், 6:36
மாமா.

மாவு மில் மாமா, 6:37
சரி சரி, எடுத்துவிட்டேன். இதற்கு ஒரு பெயர் வைப்போமே. ஊமை நேரம்?

டைலர் அண்ணன், 6:41
அந்தப் பெயர் வேண்டாம் மாமா.

மாவு மில் மாமா, 6:41
ஐயோ, மன்னித்துவிடு தம்பி. யோசிக்காமல் போட்டுவிட்டேன்.

பெரிய வீட்டுப் பாட்டி, 6:43
கப்சிப் என்று வையுங்கள்.

டைலர் அண்ணன், 6:49
அது நன்றாக இருக்கிறது பாட்டி. நேற்றே கேட்க நினைத்தேன். ஆறேகாலுக்கு எல்லாரும் வாசலுக்கு வந்து காதைக் குடைந்துகொண்டு நின்றீர்கள், என்ன விசேஷமென்று எனக்குப் புரியவில்லை. பிறந்ததிலிருந்து எனக்கு எந்நேரமும் அப்படித்தானே. ஆனால் ஒன்று. என் மிஷின் அதிர்வு நிற்கவே இல்லை. பெடலில் கால் வைத்தால் எப்போதும் போலத்தான். மாமாவின் மில் ஓடுவதும் சுவரில் கை வைத்தால் தெரிந்தது.

பிசிக்ஸ் மிஸ், 6:50
அண்ணா!! இதை நேற்றே சொல்லக் கூடாதா?

டைலர் அண்ணன், 6:51
யாரும் கேட்கவில்லையே.

பிசிக்ஸ் மிஸ், 6:55
அப்படியென்றால் தடை காற்றில் மட்டும்தான். சத்தம் காற்றில் விநாடிக்குச் சுமார் 343 மீட்டர் போகும், இரும்பில் ஏறத்தாழ 5,000. அந்த வழி திறந்தே இருக்கிறது. நாளை 6:12க்கு ஒரு கரண்டியின் நுனியை ஃபிரிட்ஜ் மேல் அழுத்திவைத்து, காம்பைப் பல்லில் கடித்துப் பாருங்கள்.

வியாழன்

மாடி வீட்டு அக்கா, 6:15
கேட்கிறது!!! மண்டைக்குள் யாரோ குறட்டை விடுகிற மாதிரி!

பெரிய வீட்டுப் பாட்டி, 6:17
எனக்குப் பல்செட்தான் ஆடியது.

அட்மின், 6:21
மண்டபத்தில் பார்த்தீர்களா? பூச்சி பிடிக்கிற சின்ன வௌவால்கள் 6:12க்குத் தடுமாறித் திரும்பிவந்து தொங்கிவிட்டன. புளியமரத்துப் பழந்தின்னி வௌவால்கள் பாட்டுக்குப் பறக்கின்றன.

பிசிக்ஸ் மிஸ், 6:24
சின்னதுக்கு எதிரொலிதான் வழிகாட்டி. பழந்தின்னிக்குக் கண்ணும் மூக்கும் போதும்.

மாடி வீட்டு அக்கா, 6:30
என் பையன் தீப்பெட்டி டெலிபோன் செய்து, எங்கள் மாடியிலிருந்து பாட்டி வீட்டுப் பேரன் வரை நூல் கட்டினான். வாய்க்கு முன்னால் பிடித்துப் பேசினால் ஒன்றும் ஆகவில்லை. பெட்டியைத் தாடையில் அழுத்திக்கொண்டு இவன் பேச, அந்தப் பக்கம் அவன் பெட்டியைப் பல்லில் கடித்துக்கொண்டு நின்றான். "டேய் தடியா" என்பது தெளிவாகப் போய்ச் சேர்ந்ததாம்.

டைலர் அண்ணன், 6:38
நாளை என் கடைக்கும் ஒரு நூல் கட்டச் சொல்லுங்கள் அக்கா. கேட்காதென்று தெரியும். கையில் பிடித்துப் பார்க்கிறேன்.

மாடி வீட்டு அக்கா, 6:40
பையன் கேட்கச் சொல்கிறான்: அவ்வளவு தூரத்துக்கு நூல் பத்தாது, மாமாவிடம் இருக்குமா?

டைலர் அண்ணன், 6:40
எந்தக் கலர் வேண்டுமாம்?