அப்பப்பாவின் பெமிட் காணி, காணாமற்போன அப்பா: யார் பெயருக்கு மாற்றலாம்?

பரந்தன்வாசி:
கிளிநொச்சியில் 3 ஏக்கர் வயல், அப்பப்பாவின் பெமிட் (அரச காணி அனுமதிப்பத்திரம்). அவர் 1998 தொடக்கத்தில் இடம்பெயர்ந்த இடத்தில் காலமானார். அப்பம்மா முதலே இல்லை. பின்னுரித்தாளர், அதாவது தனக்குப் பிறகு காணி சேர அப்பப்பா நியமித்தவர், அப்பா. அவர் 2009இல் காணாமற்போனார். மரணச் சான்றிதழ் வேண்டாம் என்கிறா அம்மா. பெமிட்டும் தொலைந்துவிட்டது. எங்கே தொடங்குவது?

வயல்வரப்பு:
முதலில் பிரதேச செயலகத்தின் காணிப் பேரேடு. பின்னுரித்தாளர் நியமனம் அப்பப்பா இறக்குமுன் பதியப்பட்டதா என்று பாருங்கள். இறந்த பிறகு பதிந்தது செல்லாது. பேரேட்டில் இல்லையென்றால் கமநல சேவை நிலையத்தின் நெற்காணி இடாப்பு, பழைய வாக்காளர் இடாப்பு, நில அளவை வரைபடம். மூன்றின் பிரதியையும் எடுத்துக்கொண்டு காணி உத்தியோகத்தரிடம் போங்கள். வெறுங்கையோடு போனால் அலைச்சல்தான்.

காணி_விசாரணை:
உண்மையான சிக்கல் வேறு. பெமிட்காரர் இறந்து 6 மாதத்துக்குள் பின்னுரித்தாளர் காணியில் இறங்க வேண்டும், இல்லாவிட்டால் உரித்துத் தவறும். 1996இல் இராணுவத்திடம் போன கிளிநொச்சியைப் புலிகள் 1998 செப்டெம்பரில்தான் திரும்பப் பிடித்தார்கள். இடையில் எவர் போய் வயலில் இறங்குவது? இடம்பெயர்ந்தோர் நிவாரண அட்டையை இணைத்து, அதை எழுத்தில் விளக்குங்கள். ஏற்காவிட்டால் உரித்து அப்பப்பாவின் பிள்ளைகளுக்குப் போகும். மாமிமார், சித்தப்பாமார் உரிமை கேட்கலாம். வெளிநாட்டில் இருப்பவர்களிடம் தூதரகத்தில் உறுதிப்படுத்திய சம்மதக் கடிதத்தை இப்போதே வாங்கி வையுங்கள்.

போரால் காணியை இழந்தவர்கள், பிறர் நெடுங்காலம் ஆண்டதால் உரிமை கோருவதை எதிர்க்க இடம் தந்த 2016இன் ஆட்சியுரிமைச் சட்டம் உதவுமென்று யாராவது சொல்வார்கள். அது தனியார் காணிக்கானது, 2 வருட அவகாசமும் 2018இல் முடிந்தது.

மல்லாவி:
அம்மாவின் பக்கம். இறந்தாரென்று சொல்லாமல், காணவில்லை என்று மட்டும் உறுதிப்படுத்தும் காணக்கிடைக்காமைச் சான்றிதழுக்குக் காணாமற்போனோர் அலுவலகத்தில் பதிந்து விண்ணப்பிக்கலாம். 2 வருடம் செல்லும், புதுப்பிக்கலாம். அப்பாவின் சொத்தைத் தற்காலிகமாகப் பராமரிக்க அது போதும். ஆனால் பெமிட் உரித்து இறப்பில்தான் திறக்கும். அந்தச் சான்றிதழால் பெயர் மாறாது. காணாமற்போனவர்களின் இறப்பைப் பதிய வந்த 2010இன் 19ஆம் இலக்கச் சட்டத்தில் மரணச் சான்றிதழ் எடுத்தவர்களும் பிறகு இதற்கு விண்ணப்பிக்க 2016இன் திருத்தம் இடம் தருகிறது. ஆகவே அம்மாவை நெருக்காதீர்கள். அப்பாவின் உரித்தைப் பேரேட்டில் ஏற்றுவதே முதல் வேலை.

காணி_விசாரணை:
ஒன்றைச் சேர்க்கிறேன். பின்னொரு நாள் அப்பாவிடமிருந்து உரித்து இறங்கும்போது அம்மாதான் முதலில், ஆயுளுக்கு. அவ மறுமணம் செய்தால் இழப்பா. அதற்குப் பிறகு பிள்ளைகள். முன்பு ஆண்பிள்ளைக்கே முதலிடம், பெமிட் காணிகளுக்கான காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் 2022 திருத்தத்தோடு அது போயிற்று. அக்கா மூத்தவவென்றால் அவவின் கையொப்பமும் வேண்டும்.