1996 துப்ரோவ்னிக் விபத்து: ரான் பிரவுன் சென்ற விமானம் மலையில் மோதியதற்கு விமானிகளின் தவறு மட்டும்தான் காரணமா?

நெய்தல்வாசி (கேள்வி)

வணக்கம். 1996 ஏப்ரல் 3 அன்று அமெரிக்க வர்த்தகத் துறைச் செயலர் ரான் பிரவுனும் அவருடைய குழுவினரும் சென்ற அமெரிக்க விமானப்படை விமானம், குரோவேஷியாவின் துப்ரோவ்னிக் நகரை அடுத்த மலைச்சரிவில் மோதியது. அதிலிருந்த 35 பேரும் இறந்தனர். போஸ்னியப் போரை முடித்துவைத்த டேட்டன் உடன்படிக்கை கையெழுத்தாகி நான்கு மாதங்கள்கூட நிறைவடையாத நேரம் அது. போரால் சிதைந்த நாடுகளில் முதலீடு செய்ய வாய்ப்பிருக்கிறதா என்று நேரில் பார்ப்பதற்காக, அமெரிக்கத் தொழில் நிறுவனத் தலைவர்கள் சிலரையும் அவர் உடன் அழைத்துச் சென்றிருந்தார்.

இவ்விபத்தைப் பற்றி வாசிக்கும் இடங்களிலெல்லாம் "விமானிகள் பாதை விலகினார்கள்" என்ற ஒற்றை வரியோடு செய்தி முடிந்துவிடுகிறது. விமானமோ போயிங் 737-200 வகையின் இராணுவ வடிவமான சிடி-43ஏ. விமானிகள் முறையான பயிற்சியும் தகுதியும் பெற்றவர்கள். அதே நாளில் வேறு விமானங்கள் அதே நிலையத்தில் பத்திரமாக இறங்கியிருக்கின்றன. ஒரு நாட்டின் அமைச்சரை ஏற்றிச் செல்லும் விமானம், இயந்திரக் கோளாறு எதுவும் இல்லாமல், ஓடுபாதைக்கு இவ்வளவு அருகே வந்து மலையில் மோதுவது எப்படி நிகழ முடியும்? விசாரணை அறிக்கையை அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

ககனவழி

பாதை விலகியது உண்மைதான், ஆனால் அந்த விலகல் உயிரைப் பறிக்கும் அளவுக்குப் போனது ஏன் என்பதைப் புரிந்துகொள்ள, அன்றைக்குத் துப்ரோவ்னிக்கின் சிலிப்பி விமான நிலையத்தில் என்ன வசதி இருந்தது என்பதிலிருந்து தொடங்க வேண்டும். ஓடுபாதையின் திசையையும் இறங்கும் சரிவையும் விமானிக்குத் துல்லியமாகக் காட்டும் ஐ.எல்.எஸ். கருவிகளை அந்நிலையம் போர்க்காலத்தில் இழந்திருந்தது. எஞ்சியிருந்தவை என்.டி.பி. எனப்படும் எளிய ரேடியோ நிலையங்கள் மட்டுமே. இருட்டில் ஒருவர் கூப்பிடும் குரலை வைத்து அவர் இருக்கும் பக்கத்தை உணர்வதைப் போல, அந்நிலையம் எந்தத் திசையில் இருக்கிறது என்பதை மட்டுமே விமானத்திலுள்ள ஏ.டி.எஃப். கருவியின் முள் காட்டும். எவ்வளவு தொலைவு, எவ்வளவு உயரம் என்பவற்றை அது சொல்லாது.

துப்ரோவ்னிக்கின் 12ஆம் எண் ஓடுபாதைக்கான முறை இப்படி இருந்தது: கொலோசெப் தீவிலுள்ள முதல் ரேடியோ நிலையத்தைக் கடந்ததும் அதை முதுகுப்புறமாக வைத்துக்கொண்டு 119 பாகைத் திசையில் பறக்க வேண்டும், சாவ்தாத் அருகேயுள்ள இரண்டாவது நிலையத்தை அடையும்போது ஓடுபாதை கண்ணுக்குத் தெரியாவிட்டால் இறங்குவதைக் கைவிட்டு மேலேறிவிட வேண்டும். பின்னால் இருக்கும் நிலையத்தைக் கொண்டு பாதையையும், முன்னால் இருக்கும் நிலையத்தைக் கொண்டு மேலேறும் இடத்தையும் ஒரே நேரத்தில் அறிய வேண்டுமானால் இரண்டு ஏ.டி.எஃப். கருவிகள் தேவை. அந்தச் சிடி-43ஏ விமானத்தில் ஒன்றுதான் இருந்தது. அதாவது, அந்த முறையில் இறங்குவதற்கு அவ்விமானம் அடிப்படையிலேயே தகுதி பெற்றிருக்கவில்லை.

விமானம் 119 பாகைக்குப் பதிலாக ஏறத்தாழ 110 பாகையில் பறந்தது. ஒன்பது பாகை என்பது காகிதத்தில் சிறியதாகத் தோன்றும். பத்துக் கடல் மைல் பறந்த பிறகு அதுவே ஒன்றரைக் கடல் மைலுக்கு மேற்பட்ட விலகலாகிவிடும். கடற்கரையை ஒட்டிய சமவெளியின் இடப்புறம் செங்குத்தாக எழும் ஸ்வெட்டி இவான் மலைக்கு விமானம் அப்படித்தான் சென்றது. மேகம் தாழ்ந்திருந்தது, மழையும் பெய்துகொண்டிருந்தது. மேலேறத் தொடங்கியிருக்க வேண்டிய இடத்தைச் சுமார் ஒரு கடல் மைல் கடந்த பிறகு, 2,172 அடி உயரத்தில் மோதல் நிகழ்ந்தது.

இப்போது, இந்தத் தரையிறங்கு முறையை விமானிகளுக்குக் காட்டும் வரைபடத்துக்கு வருவோம், ஏனென்றால் என்னை மிகவும் வருத்துவது இதுதான். ஓடுபாதை தெரியும்வரை 2,150 அடிக்குக் கீழே இறங்கக்கூடாது என்று வரைபடம் சொன்னது. சுற்றிலுமுள்ள மலைகளைக் கணக்கில் கொண்டு சரியாக வடிவமைத்திருந்தால், அந்த எல்லை 2,822 அடியாக இருந்திருக்க வேண்டும் என்று விசாரணையில் தெரியவந்தது. மோதிய உயரத்தோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள். பாதை விலகிய நிலையிலும் விமானிகள் வரைபடம் அனுமதித்த உயரத்துக்குக் கீழே போகவில்லை. சரியான உயரம் அச்சிடப்பட்டிருந்தால், அதே தவறான திசையில் பறந்தும் அவர்கள் மோதிய இடத்தை அறுநூறு அடிக்கும் மேலான இடைவெளியில் கடந்திருப்பார்கள்.

தாழைமடல்

ககனவழி அவர்கள் சொன்னதோடு கட்டளைப் பொறுப்பையும் சேர்க்க வேண்டும். என் பார்வையில் அதுவே முதல் காரணம். அமெரிக்கப் பாதுகாப்புத் துறை வெளியிடாத தரையிறங்கு வரைபடம் எதையும், மோசமான வானிலையில் பயன்படுத்துவதற்கு முன்பு, விமானப்படையின் வல்லுநர்கள் ஆராய்ந்து ஏற்றிருக்க வேண்டும் என்பது அன்றைய விதி. பனிப்போர் முடிந்து கிழக்கு ஐரோப்பாவின் விமான நிலையங்கள் ஒவ்வொன்றாகத் திறந்துகொண்டபோது, ஜெர்மனியின் ராம்ஸ்டைன் தளத்திலிருந்த 86ஆம் விமானப் போக்குவரத்துப் பிரிவு, இதுவரை போகாத இடங்களுக்கெல்லாம் அதிகாரிகளை ஏற்றிச் செல்ல வேண்டியிருந்தது. ஒவ்வொரு வரைபடத்தையும் சரிபார்க்கும்வரை காத்திருந்தால் பணிகள் முடங்கும் என்று கருதிய அப்பிரிவு, விதியிலிருந்து விலக்குக் கேட்டது. விலக்கு மறுக்கப்பட்டது. மறுக்கப்பட்ட பிறகும், சரிபார்க்கப்படாத வரைபடங்களைக் கொண்டு பறப்பதை அது நிறுத்தவில்லை.

அந்த விதி கடைப்பிடிக்கப்பட்டிருந்தால் துப்ரோவ்னிக் வரைபடம் ஒரு வல்லுநரின் மேசைக்குப் போயிருக்கும். இறங்கும் உயர எல்லையில் உள்ள பிழையும், இரண்டு கருவிகள் தேவை என்பதும் அங்கேயே தெரிந்திருக்கும். 1996 ஜூனில் வெளியான அறிக்கை, கட்டளைத் தோல்வி, விமானிகளின் தவறு, தவறாக வடிவமைக்கப்பட்ட தரையிறங்கு முறை என்று மூன்று காரணங்களைக் கூறி, இவற்றில் ஏதேனும் ஒன்று இல்லாமல் இருந்திருந்தாலும் விபத்து நிகழ்ந்திருக்காது என்று தெளிவுபடுத்தியது. பிரிவின் தளபதி பொறுப்பிலிருந்து நீக்கப்பட்டார். மொத்தம் 16 அதிகாரிகள் மீது நடவடிக்கை எடுக்கப்பட்டது. எனவே "விமானிகள் பாதை விலகினார்கள்" என்று எழுதி நிறுத்திக்கொள்பவர்கள், உயிரோடு இருந்து பதில் சொல்லக் கடமைப்பட்டவர்களை விட்டுவிட்டு, பதில் சொல்ல முடியாதவர்கள் மீது முழுச் சுமையையும் ஏற்றுகிறார்கள்.

விமானிகளிடம் குறையே இல்லை என்றும் நான் சொல்லவில்லை. கட்டுப்பாட்டுக் கோபுரத்தின் அனுமதி இல்லாமலேயே முதல் ரேடியோ நிலையத்தைத் தாண்டினார்கள். அப்போது வேகம் இறுதிக்கட்ட வேகத்தைவிட 80 நாட் (மணிக்கு 80 கடல் மைல்) அதிகமாக இருந்தது. விமானம் இறங்குவதற்கு உரிய நிலையிலும் இல்லை.

நெய்தல்வாசி

இருவருக்கும் நன்றி. இன்னும் இரண்டு ஐயங்கள் உள்ளன. அமைச்சர் ஒருவர் பின்னால் அமர்ந்திருக்கிறார், கீழே குரோவேஷியத் தலைவர்கள் காத்திருக்கிறார்கள் என்ற நிலையில், இறங்கியே ஆக வேண்டும் என்ற நெருக்கடி விமானிகளுக்கு இருந்திருக்குமா? மேலும், ரான் பிரவுன் சுட்டுக் கொல்லப்பட்டார் என்று இன்றும் எழுதுகிறார்களே, அதில் ஏதேனும் உண்மை இருக்கிறதா?

கார்முகில்

முதல் ஐயத்துக்கு மட்டும் பதில் சொல்கிறேன். பயணத் திட்டம் பலமுறை மாற்றப்பட்டது. வான்வழி திட்டமிடப்பட்டதில் நேர்ந்த பிழையால் போஸ்னியாவின் துஸ்லாவிலிருந்து வரும்போது கூடுதலாக 15 நிமிடங்கள் செலவாயின. ஆகவே அவசரம் இருந்தது உறுதி. ஆனால் விமானிகள் வெளியாரின் அழுத்தத்துக்கு எளிதில் இணங்குபவர்கள் அல்லர் என்றே அவர்களை அறிந்தவர்கள் சாட்சியம் அளித்தனர். பின்னால் இருந்து யாரும் ஆணையிடாமலேயே, முக்கியமான பயணம் என்ற எண்ணமும் பிடிக்க வேண்டிய நேரமும் சேர்ந்து ஒரு விமானியை விரைவுபடுத்தும் என்பதைத்தான் நான் கூடுதலாகச் சுட்டிக்காட்ட விரும்புகிறேன்.

இந்தக் கேள்வி மிகக் கடுமையாக எழுந்தது 2010 ஏப்ரல் 10 அன்று நிகழ்ந்த ஸ்மோலென்ஸ்க் விபத்தில். போலந்து விமானப்படையின் டியூ-154எம் விமானம் அடர்ந்த மூடுபனியில் இறங்க முயன்று விழுந்து, அதிபர் லெக் கச்சின்ஸ்கியும், முப்படைத் தளபதிகளும், மத்திய வங்கித் தலைவரும் உட்பட 96 பேர் இறந்தனர். 2008ஆம் ஆண்டு ஜார்ஜியப் போரின்போது அதே அதிபரைத் திபிலிசிக்கு நேரே கொண்டுசெல்ல மறுத்த விமானி கண்டனத்துக்கு ஆளானதை அந்தப் படைப்பிரிவில் எல்லோரும் அறிவார்கள். ரஷ்ய அறிக்கை அழுத்தத்தைக் காரணமாகக் கூறியது. போலந்து விசாரணைக் குழுவோ படைப்பிரிவின் பயிற்சிக் குறைபாட்டையே பெரிதும் வலியுறுத்தியது. 2011இல் அவ்வறிக்கை வெளியானதும் பாதுகாப்பு அமைச்சர் போக்தான் கிளிச் பதவி விலகினார், 36ஆம் சிறப்பு விமானப் படைப்பிரிவும் கலைக்கப்பட்டது. ஸ்மோலென்ஸ்க் விபத்துக்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே, 2008 ஜனவரியில், விமானப் பாதுகாப்பு மாநாட்டிலிருந்து திரும்பிய அதிகாரிகளோடு போலந்து விமானப்படையின் காசா சி-295 விமானம் அந்நாட்டின் மிரோஸ்வாவியெட்ஸில் விழுந்து 20 பேர் இறந்திருந்தனர் என்பதை நினைத்தால் இன்றும் மனம் ஆறுவதில்லை.

ககனவழி

இரண்டாவது ஐயம் பற்றி. பிரவுனின் தலையில் வட்ட வடிவக் காயம் ஒன்று இருந்ததாகவும் அது குண்டுக் காயத்தை ஒத்திருந்ததாகவும் இராணுவ மருத்துவர்கள் சிலர் 1997இல் கூறியதிலிருந்து அந்தப் பேச்சு பரவியது. உடற்கூறு ஆய்வு செய்யப்படாததும், அவர்மீது அப்போது ஒரு விசாரணை நடந்துகொண்டிருந்ததும் அதற்கு வலுச் சேர்த்தன. மோதலின் அதிர்ச்சியால் ஏற்பட்ட காயங்களே இறப்புக்குக் காரணம் என்பது இராணுவ நோய்க்குறியியல் நிறுவனத்தின் முடிவு. மேலே சொன்ன திசையும் உயரமும் கருவிக் குறையும் சேர்ந்தே இந்த விபத்தை முழுமையாக விளக்குகின்றன; இன்னொருவரின் கை அதற்குத் தேவைப்படவில்லை. விமானத்தில் இருந்தவர்களின் குடும்பங்கள் இத்தனை ஆண்டுகளாக அந்தப் பேச்சைக் கேட்டுக்கொண்டிருக்க வேண்டியிருப்பது எனக்குக் கொடுமையாகப்படுகிறது.

அந்தப் பேச்சுக்கு இடம் கிடைத்ததற்கு இன்னொரு காரணமும் உண்டு. அவ்விமானத்தில் விமானி அறை உரையாடலைப் பதியும் கருவியும் இல்லை, பறத்தல் தரவுகளைப் பதியும் கருவியும் இல்லை. 119க்குப் பதிலாக 110 பாகையில் ஏன் பறந்தார்கள் என்பதை விசாரணைக் குழுவால் உறுதிப்படுத்த முடியாமல் போனதும் அதனால்தான். பயணிகளை ஏற்றும் இராணுவ விமானங்களில் இப்பதிவுக் கருவிகளையும் ஜி.பி.எஸ். வழிகாட்டியையும் பொருத்த வேண்டும் என்று பாதுகாப்புத் துறைச் செயலர் வில்லியம் பெரி ஆணையிட்டது இந்த விபத்துக்குப் பிறகுதான்.