‘அக்ஷரா’ என்ற பெயரை எப்படி எழுதுவது?

கேள்வி (உப்புவெளி, திருகோணமலை): மகளுக்கு ‘அக்ஷரா’ என்று பெயர் வைக்கத் தீர்மானித்துள்ளோம். ஒருவர் ‘அட்சரா’ என்றும், எண்சோதிடம் பார்த்தவர் ‘அக்ஷ்ராா’ என்று கூடுதல் கால் இட்டும் எழுதித் தந்துள்ளனர். பிறப்புப் பதிவுக்கு முன் பெயரின் பொருளையும் சரியான எழுத்தையும் அறிய விரும்புகிறேன்.

பதில் 1: இது வடமொழிச் சொல், தங்கச்சி. ‘க்ஷர’ என்றால் அழிவது. முன்னால் ‘அ’ சேர்ந்து அழியாதது என்றாகி, எழுத்தையும் குறிக்கிறது. நம் ஊர்ப் பெரியவர்களிடையே வழங்கும் பஞ்சாட்சரம் என்ற பெயரிலும், நமசிவாய என்னும் ஐந்தெழுத்தைச் சுட்டி, இதே சொல்தான் இருக்கிறது. சம்பந்தரின் பதிகம் ‘பஞ்சாக்கரப் பதிகம்’ எனப்படுவதால், க்ஷகரம் தமிழில் ‘ட்ச’ என்றும் ‘க்க’ என்றும் திரிவது புலனாகும். ஆகவே ‘அட்சரா’ பிழையன்று. எனக்கு அதுவே பிடித்தமானது.

பதில் 2: கூடுதல் காலை மட்டும் தயவுசெய்து விட்டுவிடுங்கள். ‘ரா’ ஏற்கனவே நெடில். அதன்மேல் இன்னொரு காலுக்குத் தமிழில் ஒலியே இல்லை. ‘க்ஷ’வின் மேல் புள்ளி வைத்தால் அகரமும் போய்விடும். பிள்ளை பள்ளிக்கூடத்தில் தன் பெயரை எழுதப் பழகும்போது ஒவ்வொரு எழுத்தையும் ஒலித்துப் பார்த்து எழுத வேண்டும் அல்லவா?

பதில் 3: எதைத் தேர்ந்தாலும், பிறப்புச் சான்றிதழிலும் பிற்காலத்தில் அடையாள அட்டையிலும் கடவுச்சீட்டிலும் ஆங்கில எழுத்துகள் ஒன்றுபோல இருக்கும்படி இப்போதே முடிவு செய்து, பதிவாளரிடம் தெளிவாக எழுதிக் கொடுங்கள்.