எலினோர் ராத்போன்: கட்சி சாராத ஓர் உறுப்பினர் குடும்ப உதவித்தொகையை வென்றது எப்படி?

கேள்வி:
1929 முதல் 1946-இல் இறக்கும்வரை பிரித்தானிய மக்களவையில் சுயேச்சை உறுப்பினராக இருந்த எலினோர் ராத்போனைப் பற்றிப் படித்துவருகிறேன். அவர் அமைச்சர் பதவி எதையும் வகித்ததில்லை. ஆயினும் பிள்ளைகளை வளர்க்கக் குடும்பங்களுக்கு அரசு பணம் தர வழிசெய்த 1945-ஆம் ஆண்டின் குடும்ப உதவித்தொகைச் சட்டத்தை அவர் பெயரோடு சேர்த்தே பேசுகிறார்கள். கட்சிகளின் பிடியில் இருந்த அவையில் தனியொருவரால் இது எவ்வாறு முடிந்தது?

மறுமொழி 1:
அவருடைய தொகுதியே இதற்குப் பாதி விடை. லிவர்பூல், மான்செஸ்டர், லீட்ஸ் முதலான பல்கலைக்கழகங்களின் பட்டதாரிகள் மட்டும் அஞ்சல் வழியாக வாக்களித்து இரண்டு உறுப்பினர்களைத் தேர்ந்தெடுத்த தொகுதி அது. கட்சி அமைப்பின் துணையின்றி ஒருவர் அங்கே வெல்ல முடிந்தது. பட்டதாரிகளுக்குக் கூடுதல் வாக்கு என்பது நியாயமற்ற ஏற்பாடுதான், 1950-இல் அது ஒழிந்ததும் சரியே. ஆனால் அந்த ஏற்பாடு இல்லையென்றால் ராத்போன் அவைக்குள் வந்திருப்பாரா என்பது ஐயமே.

மறுபாதி லிவர்பூலில் இருக்கிறது. முதல் உலகப் போரின்போது படைவீரர்களின் மனைவியருக்கு அரசு வழங்கிய உதவித்தொகையை அந்நகரில் கவனித்துக்கொண்டவர்களுள் அவர் முதன்மையானவர். பிள்ளைகளின் எண்ணிக்கைக்கு ஏற்பக் கூடிய அந்தப் பணம் நேரே தாயின் கைக்குச் சென்றது. ஆணுக்குக் குடும்பப் பொறுப்பு உண்டு என்று காரணம் காட்டியே பெண்ணுக்குக் குறைந்த கூலி கொடுக்கப்படுகிறது, ஆகவே பிள்ளைகளுக்கான செலவை அரசு ஏற்றால் அந்தக் காரணம் விழுந்துவிடும் என்ற வாதத்தை அவர் அங்கிருந்துதான் வளர்த்தெடுத்தார்.

மறுமொழி 2:
மேலே சொன்னதை ஏற்கிறேன். எனினும் தனியொருவரின் சாதனை என்று மட்டும் கொள்ளலாகாது. அவருடைய 1924-ஆம் ஆண்டு நூலைப் படித்து மனம் மாறிய பொருளியலாளர் வில்லியம் பெவரிட்ஜ், சமூகக் காப்பீடு குறித்து அரசுக்கு அளித்த 1942 அறிக்கையில் குழந்தை உதவித்தொகையைத் தம் திட்டத்தின் அடித்தளங்களுள் ஒன்றாக வைத்தார். கூலி உயர்வுக்கு இது தடையாகிவிடும் என்று தொழிற்சங்கங்கள் நெடுங்காலம் அஞ்சின. அந்த அச்சம் தணிய இன்னொரு போர் தேவைப்பட்டது. பெவரிட்ஜ் சொன்னது வாரத்துக்குச் சராசரி 8 ஷில்லிங். அரசு கொடுத்தது 5 ஷில்லிங், அதுவும் இரண்டாவது குழந்தை முதற்கொண்டே.

அவருடைய துணிவு முழுமையாக வெளிப்பட்டது 1945-இல்தான். அரசு கொண்டுவந்த மசோதா அந்தப் பணத்தைத் தந்தைக்கு உரியதாக்கியது. கால் நூற்றாண்டுக்கு மேல் எந்தச் சட்டத்துக்காக உழைத்தாரோ அதையே, தாய்க்கு உரிமை இல்லையெனில் எதிர்த்து வாக்களிப்பேன் என்று அவர் அவையில் அறிவித்தார். அரசு அதை உறுப்பினர்களின் சொந்த முடிவுக்கு விட்டது, பணம் தாய்க்கே என்று சட்டம் திருத்தப்பட்டது. 1946 ஆகஸ்டில் முதல் தொகை வழங்கப்பட்டபோது அவர் உயிரோடு இல்லை. அவ்வாண்டு ஜனவரி 2-ஆம் நாளே இறந்திருந்தார்.

கேள்வி கேட்டவர்:
இருவருக்கும் நன்றி. தாய்க்கு என்ற அந்தத் திருத்தம் பின்னர் மாற்றப்பட்டதா?

மறுமொழி 2:
இல்லை. 1977-இல் குழந்தை நலத்தொகை என்ற புதிய ஏற்பாடு வந்து முதல் குழந்தையையும் சேர்த்துக்கொண்டபோதும் பணம் பெரும்பாலும் தாய்க்கே சென்றது. அதற்கு முன்பிருந்த, பெரும்பாலும் தந்தையின் சம்பளத்தில் கிடைத்துவந்த வரிச்சலுகையும் அதனுள் கரைக்கப்பட்டதால், ராத்போன் கேட்டதைவிடவும் சற்றுக் கூடுதலாகவே தாய்மார்களுக்குக் கிடைத்தது என்பேன்.